பேர் வைத்தவளும் வைத்திருந்தவளும்

பிள்ளைக்கு என்ன பேர் என்று சின்னவள் யாரிடமும் மூச்சு விடவில்லை. ரொட்டிக் கடை வைத்திருந்த அவள் கணவருக்கே ஆஸ்பத்திரியில் எழுதிக் கொடுத்த பிறகுதான் தெரியும். அவர் இந்த மாதிரி விஷயங்களில் தலையிடுகிற ஆள் இல்லை. விடிவதற்கு முன்னால் எழுந்து மாவு பிசைகிறவருக்கு, எதைச் சொன்னாலும் சரி என்று தலையாட்டிவிட்டுத் தூங்கப் போவதுதான் வழக்கம்.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் பிள்ளையைப் பார்க்க வந்திருந்தார்கள். மூன்றாவது மாடியில் ஒரே ஒரு படுக்கையறை கொண்ட வீடு. சோபாவில் நாலு பேர், அதன் கைப்பிடிகளில் இரண்டு பேர், கீழ்வீட்டில் இரவல் வாங்கிய மடக்கு நாற்காலிகளில் மிச்சப் பேர். பிள்ளை பெரியவளின் மடியில் கிடந்தது. யார் வந்து கையை நீட்டினாலும், "முதல்ல அக்காகிட்ட இருக்கட்டும்" என்று சின்னவள் தடுத்துக்கொண்டிருந்தாள்.

"பேரு என்னம்மா? அதச் சொல்லு முதல்ல" என்றார் சித்தப்பா. "பாப்பா பாப்பான்னு எத்தன நாளைக்குக் கூப்பிடுறது?"

சின்னவள் அக்காவைப் பார்த்தாள். பரிசுப் பொட்டலத்தை முதுகுக்குப் பின்னால் ஒளித்து வைத்திருக்கிற பிள்ளையைப் போல அவள் முகத்தில் சிரிப்பு பொங்கிக்கொண்டிருந்தது.

"தூவானம்" என்றாள்.

ஒரு கணம் யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. பிறகு சித்தப்பா தொடையில் தட்டிக்கொண்டார். "மழை விட்டும் தூவானம் விடலம்பாங்களே, அந்தத் தூவானமா?"

"அதேதான் சித்தப்பா."

"பேஷ்! அப்பன் வாயத் திறக்க மாட்டான். பொண்ணாவது விடாம பேசட்டும்."

வீடே சிரித்தது. "எங்கடி தேடிப் பிடிச்ச இந்தப் பேர?" என்று அத்தை கேட்டாள்.

"நான் எங்க தேடினேன்? ஏற்கெனவே இருந்த பேருதான். எனக்கும் அக்காவுக்கும் மட்டும் தெரிஞ்ச கதை அது" என்று சொல்லிவிட்டுச் சின்னவள் மறுபடியும் அக்காவைப் பார்த்தாள்.

பிள்ளை பெரியவளின் விரலைப் பிடித்திருந்தது. அவள் அந்தச் சின்ன விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துத் தன் விரலை விடுவித்துக்கொண்டாள். பிள்ளையை அத்தையின் கையில் கொடுத்தாள். சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்து அங்கிருந்த டம்ளர்களைக் கழுவத் தொடங்கினாள். எச்சில் டம்ளர்கள் தீர்ந்ததும் அலமாரியில் கவிழ்த்து வைத்திருந்தவற்றையும் எடுத்துக் கழுவினாள். பிறகு தலைவலி என்று சொல்லிக் கிளம்பிவிட்டாள்.

படியிறங்கும்போது அவள் கணவர் கேட்டார், "என்ன ஆச்சு? முகமே சரியில்ல."

"ஒண்ணுமில்ல. கூட்டம். வெக்கையா இருந்துச்சு."

அவர் லிஃப்ட் பழுதுபார்க்கிறவர். எந்த இயந்திரமும் காரணமில்லாமல் நடுவழியில் நிற்காது என்று அவருக்குத் தெரியும். ஆனால் மனைவியிடம் துருவிக் கேட்டுப் பழக்கமில்லை.

அந்தப் பேரின் கதை இதுதான்.

அக்காவுக்கும் தங்கைக்கும் ஏழு வயது இடைவெளி. அப்பா லாரி ஓட்டினார்; மாதத்தில் பாதி நாள் வீட்டில் இருக்க மாட்டார். அம்மாவுக்கு ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் ஷிப்ட் வேலை. சின்னவளுக்குத் தலை பின்னியது, பல் விழுந்தபோது பயத்தைத் தெளிய வைத்தது, பள்ளிக்கூடத்தில் வாத்தியார் கூப்பிட்டால் போய் நின்றது எல்லாம் பெரியவள்தான். அம்மாவிடம் திட்டு வாங்கினால் சின்னவள் அழமாட்டாள். அக்கா முகம் கோணினால் அழுதுவிடுவாள்.

பெரியவள் கல்யாணத்துக்கு முன்பே ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலைக்குச் சேர்ந்திருந்தாள். வட்டமாக வரும் லென்ஸை ஃபிரேமின் வடிவத்துக்கு ஓரம் தேய்த்துப் பொருத்துவது அவள் வேலை. கல்யாணமாகிச் சில வருஷம் கழித்துப் பிள்ளை உண்டானபோதும் வேலையை விடவில்லை. ஒருநாள் மாலை கடை முடிந்து பஸ் நிறுத்தத்தில் நின்றிருந்தாள். நல்ல மழை. கூரைக்குக் கீழேதான் நின்றாள், ஆனாலும் காற்று மழையைப் பொடிப்பொடியாக உடைத்து உள்ளே கொண்டுவந்து அவள் முகத்தில் தூவியது. அந்தச் சில்லிப்புக்குக் கண்ணை மூடிய நேரத்தில்தான் வயிற்றுக்குள்ளிருந்து முதல் உதை. பக்கத்தில் நின்ற முன்பின் தெரியாத பெண்ணிடம் சொல்லிவிடலாம் போலிருந்தது. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

அதைத் தங்கையிடம் மட்டும் சொன்னாள். "பொண்ணுதான்டி. பேருகூட வச்சிட்டேன். தூவானம்."

"இதெல்லாம் ஒரு பேராக்கா?"

"நனைக்காது. முகத்தத் தொட்டுட்டுப் போகும். எவ்ளோ நல்லா இருக்கு! உங்க மாமாகிட்ட இப்ப சொல்லிடாத, சிரிப்பாரு. பிறந்தப்புறம் நானே சொல்லிக்கிறேன்."

ஏழாவது மாதத்தில் அசைவு நின்றுபோயிற்று. ஆஸ்பத்திரியில் எல்லாம் முடிந்து பெரியவள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். நர்ஸ் வந்து குனிந்து தாழ்ந்த குரலில் கேட்டாள். "பொண்ணும்மா. பேரு ஏதாவது வச்சிருந்தீங்களா?"

பெரியவள் இல்லை என்று தலையசைத்தாள்.

கட்டிலுக்கு அந்தப் பக்கம் சின்னவள் நின்றுகொண்டிருந்தாள். அந்தத் தலையசைப்பை அவள் பார்த்தாள். அந்தப் பிள்ளை பேரில்லாமல் போய்விட்டது என்று அவள் மனதில் அன்றைக்கு விழுந்த பாரம் இறங்கவேயில்லை. பெரியவளுக்கு அதற்குப் பிறகு பிள்ளை இல்லை. சின்னவளுக்கு மகள் பிறந்தபோது, அக்கா தொலைத்ததை அக்காவின் மடியிலேயே வைத்துவிட்டதாகத்தான் அவள் நினைத்தாள்.

பெரியவள் நினைத்தது வேறு. அவள் அந்தப் பேரைத் தொலைத்திருக்கவில்லை. தனக்குள் வைத்திருந்தாள். பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தால் அந்தப் பேரைச் சொல்லி மனதுக்குள் கூப்பிடுவாள். இந்நேரம் பள்ளிக்கூடம் போவாள், பல் விழும், பின்னலை இழுத்துப் பின்னினால் கத்துவாள். அந்த ஞாயிற்றுக்கிழமை அத்தனை பேருக்கு நடுவில் அந்தப் பேர் உச்சரிக்கப்பட்டு, சித்தப்பா தொடையைத் தட்டி, வீடே சிரித்தபோது, மூடி வைத்திருந்த அறைக்குள் செருப்புக்காலோடு கூட்டம் நுழைந்துவிட்ட மாதிரி இருந்தது அவளுக்கு.

இதைச் சொல்லியிருந்தால் ஒருநாள் அழுகையோடு முடிந்திருக்கும். சொல்லவில்லை. சின்னவளும் கேட்கவில்லை. டம்ளர் கழுவிய அன்றைக்கே அவளுக்கு ஏதோ தப்பாகிவிட்டது என்று புரிந்துவிட்டது. ஆனால் தான் ஆசை ஆசையாகக் கொடுத்ததை அக்கா தட்டிவிட்டாள் என்கிற கோபம் அவள் வாயையும் கட்டிப்போட்டது. போக்குவரத்து நிற்கவில்லை. உடம்புக்கு முடியவில்லை என்றால் கஞ்சி கொண்டுபோனார்கள். "சாப்பிட்டியா", "சாப்பிட்டேன்" என்கிற அளவில் எல்லாம் நன்றாகத்தான் இருந்தது.

பெரியவள் தங்கை மகளை மட்டும் பேர் சொல்லிக் கூப்பிடவேயில்லை. குட்டி, சிட்டு, கண்ணு, கோபம் வந்தால் ஏய் வாலு. பள்ளி விட்டதும் கூட்டிவருவாள். கேட்டதெல்லாம் வாங்கிக் கொடுப்பாள். காய்ச்சல் வந்தால் ராத்திரி முழுக்க மடியில் போட்டுக்கொள்வாள். இத்தனை செல்லப் பேர்களுக்கு நடுவில் ஒரு பேர் மட்டும் விட்டுப்போவது வேறு யார் கண்ணுக்கும் படவில்லை. சின்னவளுக்கு மட்டும் ஒவ்வொரு தடவையும் பட்டது.

அந்தப் பெண்ணுக்குப் பதினோரு வயதானபோது வகுப்பில் கரும்பலகை தெரியவில்லை என்று புகார் வந்தது. கண்ணைச் சோதித்துக் கண்ணாடி போடச் சொன்னார்கள். பெரியம்மா கடை இருக்கும்போது வேறு எங்கே போவது? பள்ளி விட்டு நேரே அங்கே வந்து, தேய்க்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் உயரமான ஸ்டூலில் ஏறி உட்கார்ந்துகொண்டாள். பெரியவள் லென்ஸைச் சக்கரத்தில் பிடித்திருந்தாள். தண்ணீர் சொட்டச் சொட்ட ஓரம் கரகரவென்று தேய்ந்துகொண்டிருந்தது.

"பெரியம்மா, எனக்கு ஏன் இந்தப் பேரு?"

"ஏன், என்ன அதுக்கு?"

"எல்லாரும் கிண்டல் பண்றாங்க. நேத்து சளி பிடிச்சிருந்துச்சா, தூவானம் ஒழுகுதுன்னு சொல்லி ஒரே சிரிப்பு. டீச்சர்கூடச் சிரிச்சிட்டாங்க." அவள் காலை ஆட்டிக்கொண்டே சொன்னாள். "அம்மாகிட்ட அர்த்தம் கேட்டேன். 'வச்சது நான், ஆனா பேரு பெரியம்மாவோடது, அவகிட்டயே போய்க் கேளு'ன்னு சொல்லிட்டாங்க."

பெரியவள் லென்ஸைச் சக்கரத்திலிருந்து எடுத்தாள். தங்கை இத்தனை வருஷம் கழித்துப் பிள்ளையைத் தூது அனுப்பியிருக்கிறாள் என்றுதான் அவளுக்குத் தோன்றியது. நேரே வந்து கேட்க வாய் வரவில்லை, பிள்ளையை ஏவிவிடுகிறாள். அந்த எரிச்சல் பதிலில் இறங்கியது.

"அர்த்தமும் இல்ல, ஒண்ணும் இல்ல. மழை நின்னதுக்கப்புறமும் போக மனசில்லாம நசநசன்னு தூறிக்கிட்டுக் கிடக்குமே, அதான். உங்கம்மாவுக்கு என்னமோ ஆசை. வச்சிட்டா."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

ஆடிக்கொண்டிருந்த கால் நின்றது. பெரியவள் லென்ஸைத் துடைத்து ஃபிரேமில் பொருத்தி அவள் காதுகளில் மாட்டிவிட்டாள். அந்தப் பெண் கடை வாசலில் போய் நின்று எதிர்வரிசைக் கடைப் பலகைகளை ஒவ்வொன்றாக வாய்விட்டுப் படித்தாள். மரத்தில் இலைகள் தனித்தனியாகத் தெரிகின்றன என்று ஆச்சரியப்பட்டாள். பேரைப் பற்றி மறுபடி கேட்கவில்லை. கூப்பிட்டு உட்கார வைத்து உள்ளதைச் சொல்லலாமா என்று பெரியவளுக்கு ஒரு நிமிஷம் தோன்றத்தான் செய்தது. அதற்குள், ஃபிரேமின் கால் உடைந்துவிட்டது என்று ஒருவர் வந்து நின்றார்.

அடுத்த வருஷம் புதுப் பள்ளிக்கூடத்தில் சேர்ந்தபோது, அந்தப் பெண் தோழிகளிடம் வேறொரு பேரைச் சொல்லிக்கொண்டாள். வாயில் சுலபமாக நுழைகிற மூன்றெழுத்துப் பேர். நோட்டு அட்டைகளில் அதுதான் ஏறியது, பிறகு வீட்டுக்கு வரும் தோழிகளின் வாயில், பிறகு ரொட்டிக் கடைக்காரரின் வாயில். சின்னவள் மட்டும் பிடிவாதமாகப் பழைய பேரையே கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். அப்படிக் கூப்பிட்டால் மகள் பதில் சொல்வதை நிறுத்தியபோது, அவளும் ஓய்ந்துபோனாள். பதினெட்டு முடிந்ததும் மகள் தானே அலைந்து எல்லாவற்றிலும் பேரை மாற்றிக்கொண்டு வந்துவிட்டாள்.

சின்னவள் அன்றைக்கு அக்காவுக்குப் போன் செய்தாள்.

"அக்கா, ஒரு விஷயம். அவ பேர மாத்திக்கிட்டா. எல்லாம் முடிஞ்சாச்சு. இனிமே நீ தாராளமா அவளப் பேர் சொல்லிக் கூப்பிடலாம்."

பெரியவள் பேச வாயெடுப்பதற்குள் போன் வைக்கப்பட்டிருந்தது.

நியாயப்படி அவளுக்கு நிம்மதியாக இருந்திருக்க வேண்டும். பறிபோன பொருள் திரும்பி வந்தாயிற்று. பேர் இனி அவளுக்கு மட்டும்தான். பழையபடி மனதுக்குள் கூப்பிட்டுப் பார்த்தாள். மூக்கின் நுனிக்குக் கண்ணாடி இறங்கி நிற்க, ஸ்டூலில் காலாட்டிக்கொண்டிருக்கிற தங்கை மகள்தான் வந்து நின்றாள். தன் பிள்ளையின் முகத்தை அவள் பார்த்ததேயில்லை. ஆஸ்பத்திரியில் அன்றைக்குப் பார்க்கிறீர்களா என்று கேட்டபோது வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். முகமில்லாத அந்தப் பேருக்குக் கொஞ்சம் கொஞ்சமாக யாருடைய முகம் வந்து சேர்ந்திருக்கிறது என்பது அவளுக்கு அப்போதுதான் புரிந்தது. அடுப்பில் பால் பொங்கி வழிந்ததைக்கூடக் கவனிக்காமல் உட்கார்ந்திருந்தாள். வேலை முடிந்து வந்த கணவர்தான் அடுப்பை அணைத்தார்.

அவரிடம் முதல்முறையாக எல்லாவற்றையும் சொன்னாள். பஸ் நிறுத்தம், முதல் உதை, பேர், நர்ஸ் கேட்டது. அவர் சட்டையைக்கூட மாற்றாமல் நின்றபடியே கேட்டார். கடைசியில், "எனக்கும் அது பிள்ளைதானே. எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்" என்றார். கை கழுவப் போனார். வெகுநேரம் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது.

மறுநாள் மதியம் பெரியவள் தங்கை வீட்டுக்குப் போனாள். சின்னவள் துணிகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். உள்ளறையில் ரொட்டிக் கடைக்காரர் தூங்கிக்கொண்டிருந்தார். அவர் தூக்கம் கெட்டால் அடுத்த நாள் ரொட்டி கெட்டுவிடும் என்பது அந்த வீட்டுச் சட்டம். அதனால் பதினெட்டு வருஷச் சண்டையை அக்காவும் தங்கையும் கிசுகிசுப்பான குரலிலேயே போட வேண்டியிருந்தது.

"நீ எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கணும்டி."

"கேட்டா வேணாம்னு சொல்லியிருப்ப."

"அப்ப தெரிஞ்சேதான் வச்சிருக்க."

சின்னவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "அந்த நர்ஸம்மா கேட்டப்ப நீ பேரே இல்லன்னு தலையாட்டினக்கா. நான் பக்கத்துலதான் நின்னேன். அந்தப் பிள்ள பேரில்லாமப் போச்சேன்னு எத்தன நாள் அழுதிருக்கேன். எம்பிள்ள மூலமா அந்தப் பேரு உனக்குத் திரும்பிக் கிடைக்கட்டும்னு நெனச்சேன். அது தப்பா?"

"பேரில்லாமப் போகல. நாந்தான் குடுக்கல" என்றாள் பெரியவள். "ஆளையே வாங்கிட்டுப் போறாங்க. பேரையும் எதுக்குக் குடுக்கணும்? அது ஒண்ணுதான்டி எங்கிட்ட மிச்சம் இருந்துச்சு."

சின்னவள் கையிலிருந்த சட்டையை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

"இத ஏன்கா அன்னைக்கே சொல்லல?"

"நீ ஏன்டி கேக்கல?"

உள்ளே கட்டில் கிரீச்சிட்டது. இருவரும் களவு செய்து பிடிபட்ட பிள்ளைகளைப் போல வாயை மூடிக்கொண்டார்கள். குறட்டை மறுபடி தொடங்கியபோது இருவருக்கும் ஒரே நேரத்தில் சிரிப்பு வந்தது. சிரிக்கப் போய் இருவரும் அழுதார்கள்.

"உள்ளத அவகிட்டச் சொல்லணும்" என்றாள் பெரியவள். "சின்னப் பிள்ளையில கேட்டா. வேற எதையோ சொல்லி அனுப்பிட்டேன்."

மகள் கல்லூரியிலிருந்து வந்து, சாப்பிட்டுவிட்டு, கணினி வகுப்புக்குக் கிளம்பினாள். "நானும் பஸ் ஸ்டாப் வரைக்கும் வர்றேன்" என்று பெரியவள் கூடவே இறங்கினாள். அந்தப் பெண்ணுக்கு எப்போதும் வேக நடை. தெருமுனைக்கு வருவதற்குள் நாலைந்து எட்டு முன்னால் போய்விட்டாள். பெரியவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கூப்பிட்டாள்.

"தூவானம்!"

அவள் திரும்பவில்லை. காதில் விழாமல் இல்லை, தெரு அமைதியாகத்தான் இருந்தது. அது தன்னைக் கூப்பிடும் குரல் என்று அவளுக்குப் படவில்லை, அவ்வளவுதான். பெரியவளின் குரலில் அந்தப் பேரை அவள் கேட்டதே கிடையாது. மற்றவர்களும் விட்டு வெகுகாலமாகிவிட்டது.

"குட்டி" என்றாள் பெரியவள்.

உடனே நின்று திரும்பினாள். "என்ன பெரியம்மா, வேகமாப் போறேனா?"

பஸ் நிறுத்தத்து இரும்பு இருக்கையில் உட்கார்ந்து பெரியவள் சொன்னாள். எதையும் கூட்டவில்லை, குறைக்கவில்லை. முகத்தில் பட்ட நீர்ப்பொடியையும் முதல் உதையையும் சொன்னாள். ஸ்டூலில் உட்கார்ந்து கேட்ட பிள்ளையிடம் பொய் சொன்னதையும் சொன்னாள். அந்தப் பெண் கண்ணாடியைக் கழற்றித் துப்பட்டா நுனியில் துடைத்தபடியே எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள்.

"அன்னைக்கே சொல்லியிருந்தீங்கன்னா, யாரு என்ன கிண்டல் பண்ணியிருந்தாலும் நான் அந்தப் பேர விட்டிருக்க மாட்டேன் பெரியம்மா."

"தெரியும்மா."

"இப்ப எனக்குப் புதுப் பேருதான் நான்னு ஆயிடுச்சு."

"திரும்பவும் மாத்திக்கோன்னு சொல்ல வரல. நீ கேட்டதுக்கு நான் உண்மையச் சொல்லல. அத அப்படியே விட்டுட்டுப் போக மனசில்ல."

அவள் கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டாள். பிறகு மெதுவாகக் கேட்டாள். "அந்த அக்கா உயிரோட இருந்திருந்தா, எனக்கு என்ன பேரு வச்சிருப்பாங்க?"

"தெரியலையே. உங்கம்மா வேற பேரு எதுவும் யோசிச்ச மாதிரி இல்ல."

"அப்ப எனக்குன்னு யாரும் ஒரு பேரு யோசிக்கல." குறையாகக்கூட அவள் அதைச் சொல்லவில்லை. கணக்கில் விடை கிடைத்ததைச் சொல்வது போலச் சொன்னாள். "அம்மா உங்களுக்காக வச்சாங்க. நீங்க அந்த அக்காவுக்காகக் கூப்பிடாம இருந்தீங்க. நானேதான் எனக்கு ஒண்ணு தேடி வச்சிக்கிட்டேன் போல."

பெரியவளும் தங்கையும் அத்தனை வருஷம் ஆளுக்கொரு பக்கம் பிடித்து இழுத்த பேருக்குள் ஒரு பிள்ளை இருந்திருக்கிறாள் என்பது இருவருக்குமே தோன்றியதில்லை. மன்னித்துக்கொள் என்று பெரியவள் சொல்ல நினைத்தாள். அந்தப் பிள்ளையிடம் போய் அந்த வார்த்தையைச் சொல்ல நாக்கு கூசியது. அந்தப் பெண்ணின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். அவளும் அதை இழுத்துக்கொள்ளவில்லை.

பஸ் வந்தது. "வர்றேன் பெரியம்மா. நீங்க அழாம வீட்டுக்குப் போங்க" என்று சொல்லிவிட்டு ஏறிக்கொண்டாள். ஜன்னலோரம் இடம் கிடைத்து உட்கார்ந்ததும் கையசைத்தாள். பெரியவளும் அசைத்தாள்.

அதன் பிறகு பெரியவள் அந்தப் புதுப் பேரைச் சொல்லிக் கூப்பிடப் பழகிக்கொண்டாள். முதலில் இரவல் சட்டையைப் போட்டுக்கொண்ட மாதிரி இருந்தது, நாளடைவில் சரியாகிவிட்டது. அக்காவும் தங்கையும் பழையபடி வாய் ஓயாமல் பேசத் தொடங்கினார்கள். பழைய பேரை மட்டும் அந்த வீடுகளில் யாரும் எடுப்பதில்லை. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தாலும் பெரியவள் இப்போது மனதுக்குள் யாரையும் கூப்பிடுவதில்லை. கூப்பிட்டால் இரண்டு பெண்களில் யார் திரும்பிப் பார்ப்பாள் என்று அவளுக்கே தெரியவில்லை.